கடைசி ரீல் இல்லாத ஜப்பான் படம்

பேசுகிற படத்துக்கு வெறும் டிக்கெட்டைக் கிழித்தால் போதும். பேசாத படத்துக்கு நம்ம தொண்டையைக் கிழித்துக்கொள்ளணுமுங்க.

மைக் பிடித்த பாவத்தைச் செய்தவர்களுக்கு நான் சொல்வது புரியும். கல்யாண மண்டபத்தில் "சாப்பிடாதவங்க பந்திக்கு வரலாம்" என்று கத்தியவர்கள், கோயில் திருவிழாவில் காணாமல் போன குழந்தையின் சட்டை நிறத்தைச் சொல்லிச் சொல்லி நாக்கு வறண்டவர்கள், தேர்தலுக்குத் தேர்தல் ஆட்டோவில் உட்கார்ந்து ஊரைச் சுற்றியவர்கள் எல்லாரும் என் சாதிசனம்தான். ஆனாலும் சொல்கிறேன், நான் பட்ட பாட்டில் பாதிகூட நீங்க பட்டிருக்க மாட்டீங்க.

தொண்ணூறுகளின் நடுவில், தெருவெல்லாம் கேபிள் வயர் இழுத்துக்கொண்டிருந்த காலத்தில், நான் ஒரே ஒரு ஜப்பான் படத்தைக் கட்டிக்கொண்டு கொங்குநாடு முழுக்கச் சுற்றினேன். பேசும் படம் வருவதற்கு முந்தின காலத்துப் படம். ஒரு நாவலை வைத்து எடுத்தது. கோயமுத்தூரில் இருந்த எங்க திரைப்படக் கழகத்துக்கு டெல்லியிலிருந்து தகரப் பெட்டியில் வந்தது. கழகத்தின் தலைவர், எனக்குக் காலேஜில் இங்கிலீஷ் சொல்லிக்கொடுத்த புரபசர். அந்தக் காலத்து ஜப்பானில் இந்த மாதிரிப் படம் ஓடும்போது திரைக்குப் பக்கத்தில் ஒரு ஆள் நின்று, கதையையும் எல்லாருடைய வசனத்தையும் குரல் மாற்றி மாற்றிச் சொல்வாராம். நடிகர்களைவிட அந்த ஆளுக்குத்தான் கூட்டம் வருமாம். "நம்ம ஊர்லயும் அதே மாதிரி பண்ணிப்போடலாம்" என்று புரபசர் கிளம்பிவிட்டார். பெரிய குரல் யாருக்கு இருக்கிறது என்று யோசித்ததும் என் ஞாபகம் வந்ததாம். வராமல் என்ன செய்யும்? நான் சோமனூர்க்காரி. எங்க வீட்டுச் சுவருக்கு அந்தப் பக்கம் அப்பாவின் விசைத்தறிகள் ராப்பகலாக ஓடும். சாப்பாட்டுக்கு உப்பு கேட்பதற்கே நாங்க கத்தித்தான் கேட்கணும்.

படத்தின் கதை இதுதான். கினு என்று ஒருத்தி. அவளுடைய அக்காள் சின்னக் குழந்தை ஒன்றை விட்டுவிட்டுச் செத்துப்போகிறாள். குழந்தையைப் பார்க்க ஆள் வேண்டும், சம்பந்தமும் அறுந்துவிடக் கூடாது, அதனால் அக்காள் புருஷனுக்கே கினுவைக் கட்டிவைப்பது என்று பெரியவர்கள் பேசி முடிக்கிறார்கள். கல்யாணத்தன்று காலையில் கினு ஆற்றங்கரையில் நிற்கிறாள். முன்னால் டவுனுக்குப் போகிற படகு வந்து நிற்கிறது. பின்னால் உறவுக்கூட்டம் மொத்தமும் நிற்கிறது. "நான் ஒன்று சொல்ல வேண்டும்" என்று, திரையில் வசனத்தைக் காட்டுகிற எழுத்து அட்டை வருகிறது. கினு கூட்டத்தைத் திரும்பிப் பார்த்து வாயைத் திறக்கிறாள். அவ்வளவுதான், திரை வெள்ளையாகிவிடும். கடைசி ரீல் எப்போதோ எரிந்துபோச்சாம். உலகத்தில் எங்கேயும் இன்னொரு பிரதி இல்லையாம்.

இதில் எனக்கு என்ன சங்கடம் என்று கேளுங்க. எனக்கும் ஒரு அக்கா இருந்தாள். மஞ்சள்காமாலையில் போய்விட்டாள். அவளுக்கு ஒரு பெண் குழந்தை. பாப்பா என்றுதான் கூப்பிடுவோம். அக்காவின் வீட்டுக்காரருக்குக் கருமத்தம்பட்டியில் பாவுக்குக் கஞ்சி போடுகிற சைசிங் மில். அந்த மாமாவுக்கு என்னைக் கட்டிவைப்பதென்று எங்க வீட்டிலும் பேசிக்கொண்டிருந்தார்கள். நான் வேண்டாம், வேண்டாம் என்றேன். காதில் வாங்க ஒரு ஆள் இல்லை. தறிச் சத்தம் என்று நினைத்துக்கொண்டார்களோ என்னமோ.

வெசையாகப் போன ஊர்வலம்

முதல் காட்சி கோயமுத்தூரில் ஒரு பள்ளிக்கூட மண்டபத்தில். புரொஜெக்டர் ஓட்டியவர் ரங்கசாமி அண்ணன். பேசும் படமாகவே ஓட்டிப் பழகின கை. பழைய பேசாத படத்தை மெதுவாக ஓட்டணும், அதற்கென்று மெஷினில் ஒரு விசை இருக்கிறது என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை. எப்போதும் போலத் தட்டிவிட்டார். திரையில் டீ ஊற்றுகிறார்கள், ஓட்டமாக. கும்பிடுகிறார்கள், கோழி கொத்துகிற மாதிரி. நானும் விடுவேனா, படம் போகிற வெசைக்கு மூச்சு வாங்க வாங்க வசனம் சொன்னேன். காந்திபுரம் பஸ் ஸ்டாண்டில் ஊர்ப் பேர் கூவுகிற கண்டக்டர்கூட என்னிடம் தோற்றிருப்பார்.

அக்காளின் சவ ஊர்வலம் வந்தது பாருங்க, அதுவும் தடதடவென்று ஓட்டம். மண்டபமே குலுங்கிச் சிரித்தது. எங்க அக்காவை எடுத்துக்கொண்டு போன நாள் என் கண் முன்னால் நிற்கிறது, இவர்கள் சிரிக்கிறார்கள். மைக்கைக் கீழே வைத்தேன். "அண்ணா, சரியான வேகத்துல ஓட்டுனாத்தான் இனிமே என்ர வாயிலிருந்து ஒரு வார்த்தை வரும்" என்று எல்லார் முன்னாலும் கத்தினேன். லைட்டைப் போட்டார்கள். ரங்கசாமி அண்ணன் விசையைத் தேடிப் பிடித்து, முதல் ரீலிலிருந்து மறுபடி ஓட்டினார். இரண்டாம் தடவை அந்த ஊர்வலம் மெல்ல நடந்து போனபோது இருமல் சத்தம்கூட இல்லை. முடிந்ததும் முன்வரிசையில் இருந்த மில் ஃபிட்டர் ஒருவர் எழுந்து வந்தார். "மொதல்ல பார்த்தப்ப அந்த ஊர்ல எல்லாருக்கும் பஸ்ஸுக்கு நேரமாயிப்போச்சாட்ட இருக்குதுன்னு சிரிச்சுப்போட்டமுங்க அம்மணி, மனசுல வெச்சுக்காதீங்க" என்றார்.

புரபசர் கையில் ஒரு முடிவு

இரண்டு நாள் கழித்துப் புரபசர் கூப்பிட்டு அனுப்பினார். முதல் காட்சி பார்த்தவர்கள் முடிவு எங்கே, முடிவு எங்கே என்று அவரைப் பிடித்துக்கொண்டார்களாம். அவர் அந்த நாவலை இங்கிலீஷில் படித்தவர். நாவலில் கினு வீட்டுக்குத் திரும்பிப் போய் அந்த ஆளையே கட்டிக்கொள்கிறாள். கடைசி அத்தியாயத்தில் அக்காள் உட்காருகிற இடத்தில் உட்கார்ந்து குழந்தைக்குத் தலை சீவிவிடுகிறாள். "திரை வெள்ளையானதும் அதைச் சொல்லி முடிச்சுப்போடு அம்மணி, ஜனங்க நிம்மதியா ஊட்டுக்குப் போவாங்க" என்றார்.

"முடியாதுங்க சார்" என்றேன். எனக்கே என் குரல் கொஞ்சம் எச்சாக, சத்தமாகத்தான் கேட்டது. "நாவல்ல அவ பக்கத்துக்குப் பக்கம் அழுகிறான்னு நீங்கதான் சொன்னீங்க. படத்துல ஒரு சொட்டு அழலைங்க. நாவல்ல ஆறே கெடையாதுன்னு சொன்னீங்க. படம் எடுத்தவன் ஒரு ஆத்தைக் கொண்டாந்து, படகைக் கொண்டாந்து, அவ வாயையும் தொறக்க வெச்சிருக்கான். திரும்பி ஊட்டுக்கு நடந்து போறவளுக்கு எதுக்குங்க படகு?"

புரபசர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். என் வீட்டு விஷயம் அவருக்கும் தெரியும். நல்ல மனுசன்தான், ஆனால் அச்சில் வந்துவிட்டால் அதற்கு மேல் பேச்சில்லை என்கிற கட்சி. "நீ படத்துக்கு வாதாடறயா, உனக்கு வாதாடறயா?" என்று கேட்டார். "ரெண்டுக்குந்தானுங்க சார்" என்றேன். படத்தில் கண்ணால் பார்க்காததை நான் மைக்கில் சொல்ல மாட்டேன், வேண்டுமென்றால் வேறு ஆளைப் பாருங்க என்றும் சொன்னேன். வேறு ஆளுக்கு எங்கே போவார்? கடைசியில், "இதுக்கு மேல படம் இல்லீங்க" என்று மட்டும் சொல்லி நிறுத்திக்கொள்வதாக ஒப்பந்தம் ஆனது. எழுந்து வாசல் வரைக்கும் வந்து வழியனுப்பியவர், "ஜனங்க நாற்காலியைத் தூக்கி வீசுனா கழகம் பொறுப்பில்லை அம்மணி, இப்பவே சொல்லிப்போட்டேன்" என்றார்.

அருமைக்காரர் எழுந்தார்

பெருந்துறையில் ஒரு கம்பெனி கேன்டீனில் காட்சி. ஷிப்ட் முடிந்தவர்கள் குடும்பத்தோடு வந்திருந்தார்கள். அவர்களோடு ஒரு பெரியவர், வெள்ளை வேட்டி, தோளில் துண்டு. அக்கம்பக்க ஊர்களுக்கெல்லாம் அவர்தான் அருமைக்காரர். எங்க பக்கத்துக் கல்யாணங்களில் சடங்கையெல்லாம் முன்நின்று செய்துவைக்கிற பெரியவருக்கு அப்படிப் பெயர். அவர் கையால் தாலி எடுத்துக்கொடுத்தால் அந்தக் குடும்பம் விளங்கும் என்பார்கள்.

கினு வீட்டில் பெரியவர்கள் வட்டமாக உட்கார்ந்து கல்யாணம் பேசுகிற காட்சி வந்தது. நான் ஒவ்வொருவருக்கும் ஒரு குரல் கொடுத்துப் பேசிக்கொண்டிருக்கிறேன், அருமைக்காரர் எழுந்து நின்றுவிட்டார். "ஏனுங்க அம்மணி, சித்த நிறுத்துங்க. இவங்க பண்றதுல என்ன தப்புங்க? அக்கா போன ஊட்டுக்குத் தங்கச்சி போறது நாலு தலைமுறையா நடக்கறதுதானுங்களே. நானே எத்தனையோ நடத்தி வெச்சிருக்கறேன். புள்ளை மூஞ்சியைப் பாவமா வெச்சுக்காட்டிப்போட்டா ஆச்சுங்களா?"

கூட்டம் என்னைப் பார்த்தது. ரங்கசாமி அண்ணன் வேண்டாம், வேண்டாம் என்று கையைக் காட்டுகிறார். எனக்கு எங்கிருந்து வந்ததோ ரோசம். ஜப்பான்காரியை விட்டுவிட்டு நான் நேராகக் கேட்டேன்: "நீங்க நடத்தி வெச்ச கல்யாணத்துல, எந்தத் தங்கச்சிகிட்டயாச்சும் உனக்குச் சம்மதமான்னு கேட்டிருக்கீங்களாங்கய்யா?"

பெண்கள் பக்கத்தில் ஒரு சலசலப்பு. அவர் கோபப்படுவார் என்று பார்த்தேன். படவில்லை. துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்தார். படம் தொடர்ந்து ஓடியது. கினு வாயைத் திறந்த இடத்தில் திரை வெள்ளையானது, நான் என் ஒப்பந்தப்படி இதுக்கு மேல படம் இல்லீங்க என்றேன். எல்லாரும் கிளம்பின பிறகு அவர் மட்டும் என்னிடம் வந்தார். ஒளிக்காமல், உள்ளதை உள்ளபடி சொன்னார்: "வாய் தொறக்காத புள்ளைன்னா சம்மதம்னுதானுங்க அம்மணி நாங்க இத்தனை நாளும் எடுத்துக்கிட்டோம்."

சிஸ்டர் பார்த்த படகு

கோயமுத்தூரில் ஒரு கன்னியர் மடத்தின் ஹாஸ்டல். ஞாயிறு சாயங்காலம், ஜெபம் முடிந்ததும் படம். மூத்த சிஸ்டர் என்றால் பிள்ளைகளுக்கு உதறல். படம் போடுவதற்கு முன்னால், "அசிங்கமா ஏதும் வருமா?" என்று என்னிடம் கேட்டார். "கல்யாணம்தான் வருதுங்க சிஸ்டர்" என்றேன். முறைத்தார்.

மற்ற ஊர்களில் முடிவு இல்லை என்றால் கொஞ்சம் முணுமுணுத்துவிட்டுப் போவார்கள். இந்தப் பிள்ளைகள் விடுவேனா என்றார்கள். அது எப்படி இல்லாமல் போகும், நீங்க பார்த்திருப்பீங்க, சொல்லுங்கக்கா என்று என்னைச் சுற்றிக்கொண்டார்கள். ஒருத்தி அழுகிறாள். ஒருத்தி, கினு ஆற்றில் குதித்திருப்பாள், அதற்காகத்தான் ஆற்றைக் காட்டினார்கள் என்றாள். உடனே நாலு பேர் ஆமாம், ஆமாம் என்றார்கள். எனக்குத் திக்கென்றது. நான் இந்தப் படத்தைச் சுமந்துகொண்டு திரிவது, பிடிக்காத கல்யாணம் என்றால் பெண்பிள்ளை சாகணும் என்று சொல்வதற்கா? ஆனால் முடிவு சொல்ல மாட்டேன் என்று வீம்பாக ஒப்பந்தம் போட்டவளும் நானேதான். மைக் வயரைச் சுருட்டுகிற சாக்கில் குனிந்துகொண்டேன்.

கதவோரம் நின்றிருந்த மூத்த சிஸ்டர் உள்ளே வந்தார். பிள்ளைகள் கப்பென்று அடங்கினார்கள். திட்டப்போகிறார் என்றுதான் நானும் நினைத்தேன். குதிப்பாள் என்று சொன்னவளின் தலையில் லேசாக ஒரு தட்டுத் தட்டினார். "கண்ணு முன்னால படகு வந்து நிக்குதே, எதுக்குக் குதிக்கணும்? ஏறிப் போகட்டும்!" என்றார்.

அத்தை திறந்த பீரோ

வெளியூரிலெல்லாம் இப்படி ஜம்பமாகப் பேசிவிட்டு வீட்டுக்கு வந்தால், அங்கே வேறு படம் ஓடிக்கொண்டிருக்கும். அப்பாவின் அக்கா, எங்க அத்தை, காங்கயத்திலிருந்து வந்து உட்கார்ந்திருந்தார். அத்தை வந்தால் ஒரு காரியம் முடியாமல் திரும்ப மாட்டார். நான் உள்ளே நுழைகிறேன், அக்கா போன பிறகு எங்க வீட்டுக்கே திரும்பி வந்த அவளுடைய பீரோ திறந்திருக்கிறது. அத்தை அக்காவின் பட்டுச்சேலையை எடுத்து, என்னை நிற்கவைத்து, தோளில் போட்டு, "பொருந்துது பாருங்க, அவளே வந்து நிக்கறாப்பல இருக்குது" என்றார். அம்மா கண்ணைத் துடைத்தாள்.

நம்ப மாட்டீங்க, படத்தில் இதே காட்சி இருக்கிறது. கினுவின் தோளில் அக்காளின் கல்யாண உடையைப் போட்டுப் பார்க்கிறார்கள். அத்தை அந்தப் படத்தைப் பார்த்ததில்லை. பார்த்துத்தான் செய்யணும் என்கிற அவசியமும் அவருக்கு இல்லை. சேலையைத் தோளிலிருந்து எடுத்து, மடிப்புக் கலையாமல் மடித்து, பீரோவிலேயே வைத்துப் பூட்டினேன். "அக்கா சேலை அக்காவோடது. அக்கா ஊட்டுக்காரரும் அப்படித்தான். எனக்கு வேண்டாம்." அதையும் கத்தித்தான் சொன்னேன். அடுத்த வாரம் நிச்சயதார்த்தம், நாள் பார்த்தாச்சு என்று அத்தை அம்மாவிடம் பேச்சைத் தொடர்ந்தார். நான் அங்கே நிற்பதாகவே இரண்டு பேரும் காட்டிக்கொள்ளவில்லை.

அப்பா தறிக்கூடத்தில் இருந்தார். அங்கே போய் அவரிடமும் கத்தினேன். அவர் என்னைத் திட்டவில்லை, அதுதான் கஷ்டமே. பாப்பாவை நினைத்து அவர் தூங்கி நாளாச்சு என்று எனக்குத் தெரியும். ஓடுகிற தறியை நிறுத்திவிட்டு, மெதுவாகக் கேட்டார்: "ஜூன் மாசம் பாப்பாவைப் பள்ளிக்கூடத்துல சேக்கோணும் கண்ணு, அம்மா பேரு என்னன்னு கேப்பாங்க, நான் யார் பேரைச் சொல்றது?"

பவானியில் கரண்ட் போனது

அந்த நிலைமையில்தான் பவானிக்குப் போனேன். ஜமக்காளம் நெய்கிறவர்களின் சங்கக் கட்டடம். ஊரே தங்கள் கையால் நெய்த ஜமக்காளத்தைக் கொண்டுவந்து விரித்து, ராஜா மாதிரி உட்கார்ந்திருந்தது. படம் பாதியில் கரண்ட் போனது. மைக்கும் போனது, திரையும் போனது. கிளம்பிவிடுவார்கள் என்று பார்த்தால், ஒருத்தரும் எழவில்லை. "நீங்க பாட்டுக்குச் சொல்லுங்க, கேக்குது" என்று இருட்டில் ஒரு குரல் வந்தது.

எனக்கு மைக் எதற்கு? தறிவீட்டுத் தொண்டையைத் திறந்தேன். படமே இல்லாமல் ஆற்றங்கரை வரைக்கும் கதையைக் கொண்டுபோனேன். கினுவாக அழாமல் பேசினேன், அப்பனாகக் கெஞ்சினேன், குழந்தையாகக் கூப்பிட்டேன். அக்காள் புருஷன் வருகிற இடத்தில் மட்டும் ஒரு உறுமல். உண்மையைச் சொன்னால், அந்த ஆளுக்குப் படத்தில் வசனமே கிடையாது, ஒரு எழுத்து அட்டைகூட இல்லை. இந்த மாதிரிக் கல்யாணத்துக்குத் தயாராக உட்கார்ந்திருக்கிறவன் உறுமாமல் என்ன செய்வான் என்று முதல் காட்சியிலிருந்தே நானாகச் சேர்த்துவிட்டது அது. கைதட்டலில் கூரை பறந்தது.

அந்தச் சமயம் பார்த்துக் கரண்ட் வந்தது. ரங்கசாமி அண்ணன் விட்ட இடத்திலிருந்து மறுபடி ஓட்டினார். கதையை முழுசும் கேட்டாச்சு, நீங்க சும்மா இருங்க, நாங்க பார்த்துக்கறோம் என்று என்னை உட்காரவைத்துவிட்டார்கள். இத்தனை ஊர் சுற்றியதில் அன்றைக்குத்தான் நானும் வாயை மூடிக்கொண்டு அந்தப் படத்தைப் பார்த்தேன். பக்கத்தில் ஜமக்காளம் நெய்கிற அம்மா ஒருத்தர். திரையில் பெரியவர்கள் பேசுகிறார்கள். அக்காள் புருஷன் ஒரு மூலையில், நமக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, தலையைக் குனிந்தபடி உட்கார்ந்திருக்கிறான். ஆற்றங்கரையிலும் தள்ளி ஓரமாக, முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறான். அந்த அம்மா என் முழங்கையை இடித்தார். "ஏங்கண்ணு, இவன் படம் பூராவும் பொட்டாட்ட, வாயைத் தொறக்காம முதுகைக் காட்டிட்டுத்தானே இருக்கறான், உறுமுனது அவனா நீயா?" என்றார்.

சோமனூர், முன்வரிசை

கடைசிக் காட்சி எங்க ஊரிலேயே, ஒரு கல்யாண மண்டபத்தில். நிச்சயதார்த்தத்துக்கு இரண்டு நாள் இருந்தது. நம்ம புள்ளை மைக்கில் பேசுது என்று அத்தை மொத்தக் குடும்பத்தையும் கூட்டிக்கொண்டு வந்து முன்வரிசையில் உட்காரவைத்தார். அப்பா, அம்மா, பெரியப்பா வகையறா, நடுவில் மாமா, அவர் மடியில் பாப்பா. மாமா எப்போதும் போலத் தரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அக்கா இருந்தபோது சிரிக்கச் சிரிக்கப் பேசுகிற மனுசன். அவள் போன பிறகு, கேட்டால் ஆமாம், இல்லை, அவ்வளவுதான். வாங்க என்று நானும் சொல்லவில்லை. எனக்கு அவர் மேல் ஆத்திரம். வாயைத் திறந்து ஒரு வார்த்தை வேண்டாம் என்று அவர் சொன்னால் என் தலை தப்பிக்குமே, சொல்ல மாட்டேன் என்கிறாரே என்று.

படம் ஓடியது. அன்றைக்கு அக்காள் புருஷனுக்கு நான் உறுமல் வைக்கவில்லை. அவன் முதுகு திரையில் வந்தபோதெல்லாம் பேசாமல் நின்றேன். ஊர்வலம் வந்தபோது அம்மா விம்மியது எனக்குக் கேட்டது. தோளில் உடையைப் போட்டுப் பார்க்கிற காட்சியில் அத்தை நிமிர்ந்து உட்கார்ந்தார். ஆறு வந்தது, படகு வந்தது, "நான் ஒன்று சொல்ல வேண்டும்" வந்தது. கினு வாயைத் திறந்தாள். திரை வெள்ளையானது.

"இதுக்கு மேல படம் இல்லீங்க" என்றேன்.

அத்தை எழுந்துவிட்டார். "அதெப்படிக் கண்ணு, பாதில நிறுத்திப்போட்டா? முடிவைச் சொல்லு. கட்டிக்கிட்டாளா இல்லையா?" கூட்டமும் சேர்ந்துகொண்டது. கடைசி வரிசையிலிருந்து புரபசர் என்னைப் பார்க்கிறார், நாவலைச் சொல்லித் தப்பித்துக்கொள் என்று கையைக் காட்டுகிறார்.

"புத்தகத்துல கட்டிக்கறாளுங்க அத்தை" என்றேன்.

"அப்படிச் சொல்லு" என்று அத்தை உட்கார்ந்தார்.

"இருங்க, நான் இன்னும் முடிக்கலை. படத்துல அவ என்ன சொன்னான்னு யாருக்கும் தெரியாதுங்க. அந்த ரீல் எரிஞ்சுபோச்சு. ஆனா வாயைத் தொறந்தா, அதை நீங்க எல்லாரும் பார்த்தீங்க. நானும் தொறக்கறேன். மாமாவை நான் கட்டிக்க மாட்டேன். பாப்பாவைப் பாத்துக்கறேன், சித்தியா இருந்தே பாத்துக்கறேன். ஊட்ல எத்தனையோ தடவை சொல்லிப்போட்டேன், தறிச் சத்தத்துல யாருக்கும் கேக்கலை. இப்ப மைக்ல சொல்றேன், கேக்குதுங்களா?"

நான் மைக்கை விடவில்லை. அப்பாவின் முகம் கறுத்துப்போச்சு. "ஊரைக் கூட்டி வெச்சு மானத்தை வாங்கறயா?" என்று அத்தை கத்தினார். எங்க வீட்டில் அத்தைக்குத்தான் என்னைவிடப் பெரிய குரல், அது அன்றைக்குத்தான் தெரிந்தது. பெரியப்பா மேடையை நோக்கி வந்தார்.

அப்போது மாமா எழுந்தார். பாப்பாவைத் தோளில் போட்டுக்கொண்டு, முதுகைக் கூட்டத்துக்குக் காட்டியபடி கொஞ்ச நேரம் நின்றார். வெளியே போய்விடுவார் என்று நினைத்தேன். திரும்பினார். நேராக அப்பாவைப் பார்த்தார். அவர் பேசியது கடைசி வரிசை வரைக்கும் கேட்டது. "அம்மணி சொல்றது சரிதானுங்க மாமா. எனக்கும் வேண்டாமுங்க. அவ போனதிலிருந்து ஆளாளுக்கு எனக்குப் பொண்ணு பேசறீங்க, என்னைய ஒருத்தரும் ஒரு வார்த்தை கேக்கலீங்க."

அத்தை அன்றைக்கே காங்கயம் பஸ் ஏறிவிட்டார். அப்பா என்னோடு கொஞ்ச நாள் பேசவில்லை. பிறகு உப்பு கேட்கிற சாக்கில் பேசினார். ஜூன் மாசம் பாப்பாவின் ஒரு கையை மாமா பிடித்துக்கொண்டார், இன்னொரு கையை நான் பிடித்துக்கொண்டேன், பள்ளிக்கூடத்தில் சேர்த்தோம். அம்மா பேர் கேட்டார்கள். மாமா அக்கா பேரைச் சொன்னார், சத்தமாக.

அந்தக் கடைசி ரீல் என்றைக்காவது ஏதாவது ஒரு குடோனில் கிடைத்து, அதில் கினு பேசாமல் போய்க் கழுத்தை நீட்டியிருந்தாள் என்றால், புண்ணியமாகப் போகுது, அதை மட்டும் சோமனூர்ப் பக்கம் கொண்டு வந்துபோடாதீங்க.